1974 டேவிஸ் கோப்பை: இந்தியா ஏன் இறுதிப் போட்டியில் ஆடவில்லை?

நீங்கள் கேட்டது இது: “1974இல் டேவிஸ் கோப்பை நம் கைக்கு எட்டியும் வாய்க்கு எட்டாமல் போனதாம். அமிர்தராஜ் சகோதரர்கள் ஜெயித்திருக்க வேண்டியதை அரசாங்கம் தடுத்து, கோப்பையைத் தென்னாப்பிரிக்காவுக்குத் தாரை வார்த்துவிட்டது என்று அப்பா இன்றும் ஆதங்கப்படுகிறார். உண்மையா?” டேவிஸ் கோப்பை என்பது நாடுகள் அணிகளாக மோதும் டென்னிஸ் போட்டி. உங்கள் கேள்விக்குள் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. என்ன நடந்தது என்பது ஒன்று. அதற்கு உறுதியாகவே பதில் சொல்லலாம். ஆடியிருந்தால் ஜெயித்திருப்போமா, ஆடாமல் விட்டது சரியா என்பது இன்னொன்று. அதில் நான் சொல்லப்போவது என் கருத்து மட்டுமே. இரண்டையும் கலக்காமல் சொல்லப் பார்க்கிறேன்.

நான் கல்லூரியில் இருபத்தாறு ஆண்டுகள் நவீன வரலாறு நடத்தியவன். ஆப்பிரிக்க விடுதலைப் போராட்டங்கள் பற்றிய தாள் பெரும்பாலும் என் தலையில்தான் விழும், நானும் ஆசையாகவே எடுத்துக்கொள்வேன். வார இறுதியில் மாவட்ட டென்னிஸ் போட்டிகளுக்கு லைன் அம்பயராகவும் நின்றிருக்கிறேன். அதனால் உங்கள் கேள்வியைப் பார்த்ததும் கை சும்மா இருக்கவில்லை. ஆனால் பெரிய ஆட்டக்காரன் அல்ல நான். ஆட்ட நுட்பம் பற்றிச் சொல்லும் இடங்களில் அதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் கல்கத்தா. அதைச் சொல்லாமல் அப்பாவின் ஆதங்கம் புரியாது. அந்த ஆண்டு மே மாதம் கிழக்கு மண்டல இறுதிச் சுற்றில் இந்தியா ஆஸ்திரேலியாவைச் சந்தித்தது. இடம் கல்கத்தா சவுத் கிளப், புல்தரை. ஆஸ்திரேலியா அப்போது கோப்பையைக் கையில் வைத்திருந்த நாடு. 1973 இறுதியில் அமெரிக்காவை 5-0 என்று துடைத்துவிட்டு வந்தவர்கள். ஆனால் அந்த வெற்றியைத் தேடித்தந்த ராட் லேவரும் ஜான் நியூகோம்பும் கல்கத்தாவுக்கு வரவில்லை. ஜான் அலெக்சாண்டர், பாப் கில்ட்டினன், காலின் டிப்ளி ஆகியோர் வந்தார்கள். நம் பக்கம் விஜய் அமிர்தராஜ், அவருடைய அண்ணன் ஆனந்த், ஜஸ்ஜித் சிங்.

அப்போது ஒவ்வொரு சந்திப்பிலும் நான்கு ஒற்றையர், ஒரு இரட்டையர் என்று ஐந்து ஆட்டங்கள், மூன்றை வெல்லும் நாடு ஜெயிக்கும். செட் சமநிலையில் நின்றால் அதை முடித்துவைக்கும் குறுகிய ஆட்டமான டை-பிரேக் அப்போது டேவிஸ் கோப்பையில் கிடையாது. அது 1989இல்தான் வந்தது. ஒரு செட்டில் 6-6 ஆகிவிட்டால், யாராவது இரண்டு கேம் முன்னால் போகும்வரை ஆடிக்கொண்டே இருக்க வேண்டும். கல்கத்தாவின் மே மாத வெயிலில், காற்றில் ஈரம் கனத்துக் கிடக்கும் பருவத்தில் அப்படி ஆடினார்கள். ஜஸ்ஜித் சிங் கில்ட்டினனை 11-9, 9-11, 12-10, 8-6 என்று வென்றார். அலெக்சாண்டர் விஜயை 14-12, 17-15, 6-8, 6-2 என்று வென்றார். இரட்டையர் ஆட்டத்தில் அமிர்தராஜ் சகோதரர்கள் அலெக்சாண்டர்-டிப்ளி ஜோடியை 17-15, 6-8, 6-3, 16-18, 6-4 என்று சாய்த்தார்கள். இந்த ஒரு ஆட்டத்தில் மட்டும் 99 கேம்கள். எதிராளிகளை மாற்றி ஆடும் மாற்று ஒற்றையரில் அலெக்சாண்டர் ஜஸ்ஜித்தை நேர் செட்களில் வென்றார், விஜய் கில்ட்டினனை நான்கு செட்களில் வென்றார். 3-2 என்று இந்தியா ஜெயித்தது. ஐந்து ஆட்டங்களின் கேம்களையும் கூட்டிப் பாருங்கள், 327 வரும். ஒரு டேவிஸ் கோப்பைச் சந்திப்பில் ஆடப்பட்ட மிக அதிகமான கேம்கள் இவைதான். டை-பிரேக் வந்துவிட்ட பிறகு இதை யாரும் தொடப்போவதில்லை.

இந்த எண்களை நான் வேண்டுமென்றே வரிசையாகச் சொல்கிறேன். 1974 என்றதும் எல்லோரும் அரசியலுக்குத் தாவிவிடுகிறார்கள். அந்த மூன்று பேர் கல்கத்தாவில் கொட்டிய வியர்வை அடிக்குறிப்பாகிவிடுகிறது. எனக்கு அது வருத்தம்.

செப்டம்பரில் புனேயில் சோவியத் யூனியனை 3-1 என்று வென்று இந்தியா இறுதிக்குப் போனது. அந்தப் பக்கம் தென்னாப்பிரிக்கா ஜோகன்னஸ்பர்க்கில் இத்தாலியை 4-1 என்று வென்று வந்து நின்றது. இந்தியா தென்னாப்பிரிக்காவுடன் ஆடாது என்பது அரசின் முடிவு. இறுதிப் போட்டி நடக்கவில்லை. எதிரணி ஆட வராததால் கிடைக்கும் வெற்றியாக, அதாவது வாக்-ஓவர் முறையில், கோப்பை தென்னாப்பிரிக்காவுக்குப் போனது. 1900இல் தொடங்கிய போட்டியின் வரலாற்றில் ஒரு பந்துகூட அடிக்கப்படாமல் சாம்பியன் முடிவானது அதுதான் முதல் தடவை. இன்றும் சாம்பியன்கள் பட்டியலில் 1974க்கு நேராகத் தென்னாப்பிரிக்கா என்றுதான் இருக்கிறது. அவர்களுக்கு இருக்கும் ஒரே டேவிஸ் கோப்பையும் அதுதான். இதுவரை சொன்னதில் சந்தேகத்துக்கு இடமில்லை. ஆகவே அப்பா சொல்வதில் பாதி சரி. அரசின் முடிவால்தான் ஆடவில்லை. ஆனால் “கைக்கு வந்துவிட்டது” என்பதும் “தாரை வார்த்தது” என்பதும் வேறு விஷயம்.

அரசு ஏன் அப்படி முடிவெடுத்தது என்று பார்ப்போம். காரணம் தென்னாப்பிரிக்காவின் வெள்ளையர் ஆட்சி நடத்திய நிறவெறி. அந்தச் சொல் இன்று பாடப்புத்தகச் சொல்லாகிவிட்டது. அதனால் இந்தியாவுக்கு அதில் என்ன தனி அக்கறை என்று என் மாணவர்கள் கேட்பதுண்டு. அக்கறை அல்ல, ரத்த உறவு என்று சொல்வேன். 1860 நவம்பர் 16 அன்று ட்ரூரோ என்ற கப்பல் டர்பன் துறைமுகத்துக்கு வந்தது. நேட்டால் கரும்புத் தோட்டங்களுக்கான முதல் ஒப்பந்தத் தொழிலாளர்களை அது ஏற்றி வந்தது மதராஸிலிருந்து. அவர்களுக்குப் பின்னால் வந்த தலைமுறைகள் அங்கேயே வேரூன்றின. நம் ஊரில் பள்ளிக்கூடத்திலேயே படிக்கிற தில்லையாடி வள்ளியம்மை ஜோகன்னஸ்பர்க்கில் பிறந்த பெண். 1946இல் தென்னாப்பிரிக்க அரசு, இந்தியர்கள் எங்கே நிலம் வாங்கலாம், எங்கே குடியிருக்கலாம் என்று கட்டுப்படுத்தும் சட்டத்தைக் கொண்டுவந்தது. சுதந்திரம்கூட வந்திராத இந்தியா அந்த ஆண்டே தென்னாப்பிரிக்காவுடன் வணிக உறவை முறித்துக்கொண்டு, பிரச்சினையை ஐக்கிய நாடுகள் சபைக்குக் கொண்டுபோனது. அப்படி உறவை முறித்த முதல் நாடு நாம்தான். 1974 முடிவு திடீரென்று யாருக்கோ தோன்றிய வீம்பு அல்ல. அதற்குப் பின்னால் 28 ஆண்டுக் கொள்கை இருந்தது.

விளையாட்டு மைதானத்தில் இந்த நிறவெறி எப்படி இருந்தது என்பதற்கு வகுப்பில் நான் எப்போதும் ஒரே ஒரு ஆளைத்தான் சொல்வேன், பாப்வா சேகோலம். டர்பனில் பிறந்த இந்திய வம்சாவளியினர். கோல்ஃப் மைதானத்தில் மட்டைப் பை சுமந்தவர். எல்லோரும் பிடிப்பதற்கு நேர்மாறாகக் கைகளை மாற்றிவைத்து மட்டையைப் பிடிப்பார். ஐரோப்பாவுக்குப் போய் டச்சு ஓப்பனையே வென்றார். 1963இல் டர்பனில் நேட்டால் ஓப்பனில் வெள்ளையர்களோடு ஆடி ஜெயித்தார். கிளப் கட்டிடத்துக்குள் அவருக்கு அனுமதி இல்லை. மழை பெய்துகொண்டிருந்தது. மற்ற ஆட்டக்காரர்கள் உள்ளே இருக்க, சாம்பியன் வெளியே மழையில் நின்று கோப்பையை வாங்கினார். அந்தப் படத்தை வகுப்பில் காட்டும்போதெல்லாம் பிள்ளைகள் அமைதியாகிவிடுவார்கள். விளையாட்டில் அரசியலைக் கலக்கக் கூடாது என்று சொல்பவர்களிடம் நான் கேட்பது இதுதான்: அந்தக் கதவை மூடியது யார்? இந்தியா மறுப்பதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே அங்கே அரசியல்தான் சட்டம் போட்டு விளையாட்டுக்குள் உட்கார்ந்திருந்தது.

சரி, இப்போது எனக்கே கொஞ்சம் சங்கடமான ஒன்றையும் சொல்லியாக வேண்டும். இந்தியா எப்போதும் தென்னாப்பிரிக்காவுடன் ஆட மறுத்துவந்தது என்று பலர் எழுதுகிறார்கள். அது சரியல்ல. 1967 டேவிஸ் கோப்பையில் இரு நாடுகளும் பார்சிலோனாவில் மோதின, இந்தியா தோற்றது. விம்பிள்டன் போன்ற போட்டிகளில் இந்தியர்களும் தென்னாப்பிரிக்கர்களும் ஒரே பட்டியலில் ஆடிவந்தார்கள், 1974க்குப் பிறகும் ஆடினார்கள். நாட்டின் பெயரில் ஆடுவது வேறு, தனிப்பட்ட தொழில்முறையில் ஆடுவது வேறு என்று பிரித்துச் சொல்லலாம். அந்தக் கோடு எவ்வளவு நேர்மையானது என்று கேட்டால் என்னால் அடித்துச் சொல்ல முடியாது.

ஆனால் 1967க்கும் 1974க்கும் நடுவில் உலகம் நிறைய மாறிவிட்டது. 1968இல் பேசில் டி’ஒலிவேராவை இங்கிலாந்து கிரிக்கெட் அணியில் சேர்த்தார்கள் என்பதற்காகவே அந்தச் சுற்றுப்பயணத்தைத் தென்னாப்பிரிக்கா ஏற்க மறுத்தது. அவர் கேப் டவுனில் பிறந்தவர், வெள்ளையர் அல்ல என்பதுதான் காரணம். 1970இல் சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி தென்னாப்பிரிக்காவை வெளியேற்றியது. டேவிஸ் கோப்பையிலிருந்தும் சில ஆண்டுகள் விலக்கி வைத்திருந்தார்கள். திரும்பச் சேர்த்தபோது, எதிர்ப்பு வலுவாக இருந்த ஐரோப்பிய மண்டலத்தில் விடாமல் அமெரிக்கக் கண்டத்துப் பிரிவில் போட்டார்கள். 1973 நவம்பரில் நிறவெறியைக் குற்றமாக அறிவிக்கும் உடன்படிக்கையை ஐ.நா. பொதுச்சபை ஏற்றது. 1974 நவம்பரில் தென்னாப்பிரிக்கத் தூதுக்குழு அந்தச் சபையின் கூட்டத்தில் பங்கேற்பதே நிறுத்திவைக்கப்பட்டது. 1967இல் ஆடியது போலவே ஆடிவிட்டு வந்திருந்தால், இந்தியா 1946 முதல் பேசிவந்த பேச்சுக்கு என்ன மதிப்பு இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

நேரில் போய் ஆடி, அங்கிருந்தே எதிர்ப்பைக் காட்டியிருக்கலாமே என்பதும் நியாயமான கேள்விதான். அப்படி நினைத்த பெரிய மனிதர் அமெரிக்க டென்னிஸ் வீரர் ஆர்தர் ஆஷ். கறுப்பர் என்பதால் அவருக்குத் தென்னாப்பிரிக்கா விசா மறுத்துக்கொண்டே இருந்தது. 1973இல் ஒருவழியாகக் கொடுத்தது. பார்வையாளர்களை நிறம் பார்த்துப் பிரித்து உட்கார வைக்கக் கூடாது என்று நிபந்தனை போட்டுவிட்டுப் போனார். ஒற்றையர் இறுதியில் ஜிம்மி கானர்ஸிடம் தோற்றார், டாம் ஓக்கருடன் சேர்ந்து இரட்டையர் பட்டத்தை வென்றார். கறுப்பர் ஒருவர் அங்கே சுதந்திரமாக ஆடுவதைப் பார்த்ததே அங்குள்ள கறுப்புப் பிள்ளைகளுக்குப் பெரிய விஷயம். அதை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் அவர் போனதால் அந்த அரசு தன்னை நல்லபிள்ளையாகக் காட்டிக்கொள்ள வாய்ப்புக் கிடைத்தது என்று அவரை விமர்சித்தவர்களும் கறுப்பர்களே. ஆஷ் பின்னாளில் புறக்கணிப்பின் பக்கமே வந்துசேர்ந்தார். 1985இல் வாஷிங்டனில் தென்னாப்பிரிக்கத் தூதரகத்தின் முன் நடந்த போராட்டத்தில் கைதானார்.

இன்னொரு உதாரணம் இத்தாலி. 1976இல் இறுதிப் போட்டி பினோசெட்டின் சர்வாதிகாரத்தில் இருந்த சிலியில், சான்டியாகோ தேசிய விளையாட்டரங்க வளாகத்தில். 1973 ராணுவப் புரட்சிக்குப் பிறகு அதே வளாகத்தில்தான் ஆயிரக்கணக்கானோரை அடைத்துவைத்து வதைத்தார்கள். சிலியுடன் அரையிறுதி ஆட வேண்டிய சோவியத் யூனியன் மறுத்து விலகியது. இத்தாலியில் போகலாமா கூடாதா என்று நாடே சண்டை போட்டது. கடைசியில் போனார்கள், 4-1 என்று ஜெயித்தார்கள். இரட்டையர் ஆட்டத்தில் பனட்டாவும் பெர்டொலுச்சியும் எதிர்ப்பின் அடையாளமாகச் சிவப்புச் சட்டை போட்டு ஆடினார்கள். இத்தாலியிடம் கோப்பை இருக்கிறது, சட்டையின் கதையும் இருக்கிறது. நாமும் அப்படிச் செய்திருக்கலாம் என்று யாராவது சொன்னால் நான் கோபப்பட மாட்டேன். ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. சிலி அணியில் யார் ஆடலாம் என்பதைத் தோல் நிறம் தீர்மானிக்கவில்லை. தென்னாப்பிரிக்காவில் நம் எதிரில் நிற்கப்போகும் அணியே அந்தச் சட்டத்தின் விளைவு. டர்பனில் இருந்த ஒரு தமிழ்ப் பையன் எவ்வளவு நன்றாக ஆடினாலும் அந்த அணிக்குள் நுழைந்திருக்க முடியாது. வலையின் அந்தப் பக்கம் நிற்க அவனுக்கு உரிமை இல்லாதபோது இந்தப் பக்கம் நாம் போய் நிற்பதா என்பதுதான் எனக்குப் பெரிய கேள்வி.

ஆடியிருந்தால் ஜெயித்திருப்போமா? இது முழுக்க ஊகம். அந்தக் கால விஜய்க்கு யாரையும் வீழ்த்தும் நாள் இருந்தது. 1973இல் அமெரிக்க ஓப்பனில் லேவரையே வென்றவர், அதே ஆண்டு விம்பிள்டனில் காலிறுதி. 1974 அமெரிக்க ஓப்பனில் பியார்ன் போர்கை ஐந்து செட்டில் வீழ்த்தினார். ஒற்றையர் இரண்டையும் அவர் எடுத்துவிடுவார் என்று வைத்துக்கொண்டாலும் மூன்றாவது வெற்றி எங்கிருந்து வரும்? தென்னாப்பிரிக்காவின் பாப் ஹெவிட்-ஃப்ரூ மெக்மில்லன் ஜோடி அப்போது உலகின் மிகச் சிறந்த இரட்டையர் ஜோடிகளில் ஒன்று. 1967, 1972 இரண்டு முறையும் விம்பிள்டன் வென்றவர்கள். ஜோகன்னஸ்பர்க் கடல் மட்டத்திலிருந்து 1,700 மீட்டருக்கு மேல் இருக்கிறது. அங்கே காற்று மெலிது, பந்து பறக்கும், பழகாதவர்களுக்கு அடி நீண்டுவிடும். இந்தியப் புல்தரையில் ஆடியிருந்தால் நம் கை ஓங்கியிருக்கும் என்பேன். அங்கே என்றால் அவர்கள் கை. எப்படிப் பார்த்தாலும் நிச்சயமாக ஜெயித்திருப்போம் என்று சொல்ல ஆதாரம் இல்லை. வலுவான வாய்ப்பு இருந்தது என்று சொல்லலாம்.

அந்த வாய்ப்பை இழந்தவர்கள் யார் என்பதைத்தான் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். விஜய்க்கு அப்போது 20 வயது, ஆனந்துக்கு 22. மதராஸிலிருந்து கிளம்பிய இரண்டு பையன்கள். முடிவெடுக்கும் இடத்தில் அவர்கள் இல்லை. கொள்கை நாட்டினுடையது, விலை கொடுத்தது அவர்கள். 1966இல் ராமநாதன் கிருஷ்ணன் காலத்தில் நாம் ஒருமுறை இறுதிக்குப் போய் மெல்போர்னில் ஆஸ்திரேலியாவிடம் தோற்றிருந்தோம். 1974க்குப் பிறகு மறுபடி இறுதியைத் தொட 13 ஆண்டுகள் ஆயின. 1987இல் சிட்னியில் ரமேஷ் கிருஷ்ணனும் விஜயும் ஆஸ்திரேலியாவை வீழ்த்திக் கொண்டுபோய் நிறுத்தினார்கள். ஆனால் கோதன்பர்க்கில், உள்ளரங்கக் களிமண் தரையில், ஸ்வீடன் 5-0 என்று முடித்துவிட்டது. அப்போது விஜய்க்கு 34 வயது. இந்தியா இன்றுவரை டேவிஸ் கோப்பையை வென்றதில்லை. முடிவு சரி என்று நான் நம்புகிறேன். அதே சமயம், அந்த இளைஞர்கள் பட்ட ஏமாற்றத்துக்கு நாடு சரியாக நன்றி சொல்லவில்லை என்றும் நம்புகிறேன். வென்றிருந்தால் ஊரெல்லாம் சிலை வைத்திருப்போம். விட்டுக்கொடுத்ததற்கு ஒரு வரி பாராட்டுகூட ஒழுங்காக இல்லை.

அந்த ஒரு மறுப்பால் நிறவெறி வீழ்ந்துவிட்டதா என்றால், இல்லை. அதை வீழ்த்தியது அந்த மக்களின் போராட்டம்தான். 1976இல் சோவெட்டோவில் பிள்ளைகள் குண்டடி பட்டார்கள். தொழிற்சங்கங்கள் போராடின. பொருளாதாரத் தடை நெருக்கியது. மண்டேலா வெளியே வர 1990 ஆனது. இதில் விளையாட்டுப் புறக்கணிப்பின் பங்கை எடைபோட்டுச் சொல்ல எந்தத் தராசும் இல்லை. ஆனால் அங்கே உள்ளே இருந்து போராடிய இனப்பாகுபாடற்ற விளையாட்டு அமைப்புகளே வெளிநாடுகளிடம் “வராதீர்கள்” என்று கேட்டன என்பது உறுதி. “இயல்பற்ற சமூகத்தில் இயல்பான விளையாட்டு கிடையாது” என்பது அவர்களுடைய முழக்கம். பாதிக்கப்பட்டவர்களே கேட்ட உதவி அது. நாம் அவர்கள் மேல் திணித்தது அல்ல.

அப்புறம் காலம் திரும்பியது. 1991 நவம்பரில் தடை நீங்கிய தென்னாப்பிரிக்கக் கிரிக்கெட் அணி தன் முதல் சர்வதேச ஆட்டத்தை ஆட வந்த இடம் கல்கத்தா ஈடன் கார்டன்ஸ். 327 கேம்கள் ஆடிய சவுத் கிளப்பும் அதே ஊர்தான். 2009 செப்டம்பரில் இந்திய டேவிஸ் கோப்பை அணி ஜோகன்னஸ்பர்க்குக்கே போய் தென்னாப்பிரிக்காவை 4-1 என்று வென்றது. சென்னையில் ஆடி வளர்ந்த சோம்தேவ் தேவ்வர்மன் முதல் இரண்டு செட்டை இழந்த பிறகு எழுந்து ஐந்து செட்டில் ஜெயித்துத்தான் அந்த வெற்றி உறுதியானது. அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

உங்கள் அப்பாவிடம் ஒன்று கேட்டுச் சொல்லுங்கள். கல்கத்தா ஆட்டத்தை அவர் ரேடியோவில் கேட்டாரா, மறுநாள் பேப்பரில் படித்தாரா? இறுதிப் போட்டி இல்லை என்று தெரிந்த நாளில் ஊரில் என்ன பேசிக்கொண்டார்கள்? அவருக்கு நினைவிருப்பதைக் கேட்டு இந்தப் பதிலுக்குக் கீழே எழுதுங்கள். ஸ்கோர் எல்லாம் பதிவாகிவிட்டது. அந்தப் பேச்சு அவர் தலைமுறையிடம் மட்டும்தான் இருக்கிறது.